ஆரிப் சொன்ன பாஸ்வேர்டு

கணவன் ஆரிப் தன்னை மிரட்டிப் பேசியதையெல்லாம் சபிஹா போனில் பதிந்து வைத்திருந்தாள். அதை எடுத்து வரும்படி தல்லாகுளத்து வக்கீல் சொல்லியிருந்தார். அதற்குள், பிரிந்து வந்தபோது விட்டுவந்த துணிமணிகளை எடுத்துவர அவன் வீட்டுக்குப் போனவள், போனை அங்கேயே மறந்து வைத்துவிட்டாள். மறுநாள் மாமியார் கொடுத்தனுப்பியபோது அது புதுப் போனைப் போல மொழி எது என்று கேட்டது. பிறகு பழைய மெயிலின் பாஸ்வேர்டைக் கேட்டு அதோடு நின்றுவிட்டது.

"யாரோ ரீசெட் போட்டிருக்காங்கம்மா," என்றார் செல்போன் கடைக்காரர். "முன்னாடி இதுல இருந்த மெயில் யாரோடது?"

"அவுகளோடதுண்ணே. வாங்கினப்ப அவுகதான் போட்டுக் குடுத்தாக."

"அப்ப அவருகிட்டத்தான் கேக்கணும்."

அவன் குரலைக் கேட்கவே பயந்தவள், கடைக்காரரின் போனை வாங்கி எண்ணை அழுத்தினாள். கத்துவான், கெஞ்ச வைப்பான் என்றுதான் நினைத்தாள்.

"பாஸ்வேர்டா? எழுதிக்க," என்ற ஆரிப், ஒவ்வோர் எழுத்தாக நிதானமாகச் சொன்னான். "வேற எதுவும் வேணுமா?"

இவ்வளவு சுலபமாகக் கொடுக்கிறானே என்று யோசித்தபடியே, எழுதியதைக் கடைக்காரரிடம் கொடுத்தாள்.

"தொறந்துருச்சும்மா!" என்று கடைக்காரர் சந்தோஷமாக நீட்டினார். சபிஹா உள்ளே தேடித் தேடிப் பார்த்தாள். ஒரு பதிவும் இல்லை, பிள்ளையின் படம்கூட இல்லை.

"அழிஞ்சது திரும்ப வருமாண்ணே?"

"வேற எங்கயாச்சும் காப்பி எடுத்து வச்சிருந்தா வரும்மா."

அவள் எடுத்து வைக்கவில்லை. வக்கீலிடம் போய் என்னவென்று சொல்வது? கடை வாசலிலேயே உட்கார்ந்துவிட்டாள்.