காலி மனைக்குப் போட்ட பூட்டு

லேத் பட்டறையின் கதவில் ஒரு உத்தரவு ஒட்டியிருந்தது. "இது காலி மனை. வருவாய்த் துறை கையகப்படுத்துகிறது. கதவைப் பூட்டி முத்திரை வைக்கப்பட்டது. கட்டடம் மாதக் கடைசியில் இடிக்கப்படும்."

அண்ணி அதைப் படித்துவிட்டுக் கொதித்துப் போனாள். புருஷன் போன பிறகு பட்டறையைத் தூக்கி நிறுத்தியவள் அவள். கொழுந்தன் கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டுத் தெருவே அவளை அண்ணி ஆக்கிவிட்டது. பட்டறை போனால் அவள் இன்னொருத்தர் பட்டறையில் கூலிக்கு நிற்க வேண்டியதுதான்.

"காலின்னு அந்த வருவாய் அதிகாரி எழுதிட்டாரே அண்ணி, அப்ப உள்ள இத்தனை நாளா வேலை பார்த்த நான் யாரு, பேயா?" என்றான் கொழுந்தன்.

"பேயா இருந்தா ஒழுங்கா வேலை பார்த்திருக்கும். வண்டிய எடு."

முதலில் மேலதிகாரியிடம் போனார்கள். அவர் காகிதத்தைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. "காலி மனைன்னு கீழ முடிவு பண்ணிட்டாங்க. அதுக்கு மேல நான் என்னம்மா சொல்றது?" என்று அனுப்பிவிட்டார். மிச்சம் இருந்தது உயர் நீதிமன்றம்தான்.

வக்கீலம்மாவின் அறை ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மேலே இருந்தது. அண்ணி பத்திரம், வரி ரசீது, பழைய போட்டோ எல்லாவற்றையும் மேசை மேல் பரப்பினாள். வக்கீலம்மா அவற்றை மெல்ல ஓரமாக ஒதுக்கினார்.

"இடம் உங்களுதுன்னு நான் பேசவே போறதில்லம்மா."

அண்ணிக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அப்புறம் எதுக்கு கேஸு?"

"காலி மனையா இருந்தாத்தான் அந்த அதிகாரிக்கு எடுக்கிற அதிகாரமே வருது. கட்டடம் இருந்தா, இடம் யாருதுன்னு சிவில் கோர்ட்தான் சொல்லணும். அவர் அதுல நுழையவே கூடாது. அதை மட்டும்தான் பேசப் போறேன். நீங்க அங்க வாயே திறக்கக் கூடாது."

"கேஸே தேவல, இதுதான் கஷ்டம்," என்றான் கொழுந்தன். அண்ணி முறைத்த முறைப்பில் அவன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

விசாரணை அன்று அரசு வக்கீல் ஆணித்தரமாகத்தான் பேசினார். "அது காலி மனைங்கறது அதிகாரி எடுத்த முடிவு. சரியோ தப்போ, கோர்ட் அதைத் தோண்டிப் பார்க்கக் கூடாது." அண்ணி எழப் போனாள். கொழுந்தன் கையைப் பிடித்து அழுத்தினான்.

நீதிபதி உத்தரவை இன்னொரு தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

"காலி மனைன்னு எழுதியிருக்கீங்க. அடுத்த வரியில கதவைப் பூட்டியிருக்கீங்க. வெறும் தரைக்கு ஏதுங்க கதவு?"

அரசு வக்கீல் பின்னால் நின்ற அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி தன் செருப்பைப் பார்த்தார்.

"அது எழுத்துப் பிழைங்க..."

"இடிக்கணும்னும் எழுதியிருக்கே, அதுவும் பிழையா? ஒரு அதிகாரி தனக்கு இல்லாத அதிகாரத்தைத் தப்பா ஒரு வார்த்தை எழுதி வரவழைச்சுக்க முடியாது. அப்படி எழுதினா, கோர்ட் பார்க்கத்தான் செய்யும்."

உத்தரவு ரத்து. முத்திரையை வைத்தவரே போய் அதை எடுக்க வேண்டும்.

வெளியே வராந்தாவில் வக்கீலம்மா எச்சரித்தார். "இடம் உங்களுதுன்னு கோர்ட் சொல்லல. வேணும்னா அவங்க சிவில் கோர்ட்டுக்குப் போகலாம்."

"தாராளமா போகட்டும். நான் பட்டறைக்குள்ள இருந்துக்கிட்டே பதில் சொல்லிக்கிறேன்," என்றாள் அண்ணி. அவ்வளவு நேரம் அடக்கி வைத்திருந்த சிரிப்பு அப்போதுதான் வெடித்தது. வராந்தாவே திரும்பிப் பார்த்தது.

மறுநாள் காலையில் அதிகாரி வந்து அரக்கு முத்திரையை உடைத்தார். தெருவே வேடிக்கை பார்த்தது. இன்றைக்கு அண்ணி அந்த ஆளைக் கிழித்துத் தொங்கவிடுவாள் என்று கொழுந்தன் ஆவலோடு காத்திருந்தான். அவள் அவர் பக்கம் திரும்பவே இல்லை. நேராக உள்ளே போனாள். தூசியைத் தட்டினாள். ஒரு இரும்புத் தண்டை லேத்தில் மாட்டி ஸ்விட்சைப் போட்டாள். லேத் உறுமிக்கொண்டு சுற்றியது.

முத்திரையை எடுத்ததற்குக் கையெழுத்து வாங்க அதிகாரி காகிதத்தோடு பக்கத்தில் வந்தார்.

"சார், தள்ளி நில்லுங்க," என்றாள் அண்ணி, கண்ணை எடுக்காமல். "இரும்புச் சுருள் தெறிக்கும்."

அவர் சொன்ன பேச்சைக் கேட்டுத் தள்ளி நின்றார்.