ட்ரூசி அத்தையை எங்கே வைப்பது

டேரல் அண்ணா, நீ ஆல்பர்ட்டாவில் ஷிஃப்டில் இருப்பாய், வேலை முடிந்துதான் போனைப் பார்ப்பாய் என்று தெரியும். ஆனாலும் இப்போதே யாரிடமாவது சொல்லாவிட்டால் எனக்கு மூச்சு முட்டிவிடும். அவசரமாகத் தட்டுகிறேன், பிழை இருந்தால் கண்டுகொள்ளாதே. அம்மாவிடம் சொல்லிவிடாதே. அம்மாவுக்கு முதியோர் இல்லத்தில் இரவு வேலை. வீட்டில் நானும் அப்பாவும்தான்.

விடிந்ததும் ட்ரூசி அத்தையின் சாம்பலை அப்பாவின் படகில் நம் பழைய ஊரான ஸ்டியரின் தீவுக்குக் கொண்டுபோய்க் கடலில் கரைக்கப்போகிறார்கள். நாட்டுக்கே தெரிந்த கவிஞர் என்று மந்திரி வருகிறார், டிவிக்காரர்கள் வருகிறார்கள். அத்தைக்கு அது பிடிக்காது. அவளுக்கு சர்ச் மேட்டில், லியாண்டர் மாமாவின் பக்கத்தில், மண்ணுக்குள் போகவேண்டும். இதை அவள் என்னிடம் சொல்லியிருக்கிறாள். என்னிடம் மட்டும்தான் சொன்னாள் என்பதுதான் என் தலைவிதி.

போன கோடையில் நீ வரவில்லை. வழக்கம்போல ஊர் விழாவுக்கு அத்தையைப் படகில் ஏற்றித் தீவுக்குக் கூட்டிப்போனார்கள். அங்கே வீடு போய் மிச்சமிருக்கும் அந்தப் பழைய வாசல்படிக்குப் பக்கத்தில் நின்று அவள் தன் பேர்பெற்ற அந்தக் கவிதையை வாசிக்க வேண்டும், எல்லாரும் படம் எடுத்துக்கொள்வார்கள். போகும்போதும் வரும்போதும் அவளுக்கு வாந்தி. திரும்பும்போது பக்கெட்டைப் பிடித்துக்கொண்டு நான்தான் உட்கார்ந்திருந்தேன்.

"நல்லாப் பிடிடி, என் ஷூவுல படுது," என்றாள். பிறகு வாயைத் துடைத்துக்கொண்டு, "செத்ததுக்கப்புறமாவது இந்தத் தண்ணியில என்னத் தள்ளிறாதீங்க. மேட்டுல லியாண்டர் தனியாக் கிடக்காரு. அங்க வெச்சிடுங்க," என்றாள்.

"அப்புறம் ஏன் அத்தை அப்படி எழுதினீங்க?"

"எப்படி எழுதினேன்? என்னக் கடல்ல போடுங்கன்னா? அது பக்கத்து வீட்டு ப்ளான்ச் பேசுறதுடி. தீவக் காலி பண்ணுங்கன்னு கவர்மென்ட் சொல்லி, எங்க வீட்டையெல்லாம் கயிறு கட்டிக் கடல்ல மிதக்க விட்டு இந்தக் கரைக்கு இழுத்தானுங்கல்ல, அன்னிக்கு அவ படியில உக்காந்துக்கிட்டு எழுந்திரிக்கவே மாட்டேன்னுட்டா. நான் மூட்டையோட பக்கத்துல நின்னேன். அழுதது அவ, எழுதினது நான்."

"நீங்க அழலையா?"

"நான் எதுக்கு அழணும்? பல்லு வலிச்சா டாக்டர் வர்றதுக்குக் காத்து அடங்கணும், கடல் அடங்கணும். நான் எப்படா கிளம்புவோம்னு இருந்தேன். இங்க வந்து முதல் தடவ கக்கூஸ்ல சங்கிலிய இழுத்தேன் பாரு, அப்ப அழுதேன். சந்தோஷத்துல. அதுக்கு ஒரு கவிதை கேளுங்கடான்னா ஒருத்தனும் கேக்கமாட்டேங்கிறான்."

"இத எல்லார்கிட்டயும் சொல்லிடலாமே அத்தை."

"சொல்லாம இருந்திருப்பேனா? டிவியில சொன்னேன், ரேடியோவுல சொன்னேன். 'என்ன அடக்கம், என்ன நகைச்சுவை'ன்னு எழுதிட்டுப் போயிட்டானுங்க."

அவ்வளவுதான். அதற்குள் அவளுக்கு மறுபடியும் குமட்ட ஆரம்பித்துவிட்டது.

இப்போது சாம்பல் கரைப்பதற்கு விருந்தாளிகள் வந்து இறங்கியதிலிருந்து ஒரே மூடுபனி. படகுத்துறையே தெரியவில்லை. எல்லாரும் ஊர் ஹாலில் உட்கார்ந்து டீயும் கேக்குமாகக் காத்துக்கிடந்தார்கள். கடவுளே எனக்கு அவகாசம் கொடுத்திருக்கிறார் என்று நினைத்துக்கொண்டு ஒவ்வொருவரிடமாகப் போனேன்.

முதலில் மேவிஸிடம். விழாக் கமிட்டித் தலைவி அவள்தான், கையில் எப்போதும் ஒரு ஃபைல். பொறுமையாகத்தான் கேட்டாள்.

"கெண்ட்ரா கண்ணு, அத்தை உங்கிட்ட ஒண்ணு சொல்லியிருப்பா. நாட்டுக்கே ஒண்ணு சொல்லியிருக்கா. நான் எதக் கேக்குறது சொல்லு?"

"எங்கிட்ட சொன்னதுதான் நெஜம்."

"வாந்தி எடுக்கும்போது மனுஷங்க என்னென்னமோ சொல்வாங்கடா. எங்க மூத்தவன் பொறந்தப்போ நான் என் புருஷன என்னவெல்லாம் திட்டினேன் தெரியுமா?"

"மாமா கல்லறைக் கல்லுலயே அத்தை பேர் வெட்டியிருக்கே. அதுக்கு என்ன சொல்றீங்க?"

"அது ரெண்டு பேருக்கும் சேத்து வெட்டினா கல்லுக்காரன் விலையக் குறைச்சுக் குடுத்தான். உங்க அத்தை சிக்கனக்காரி."

மேவிஸ் கெட்டவள் இல்லை அண்ணா. மீன் ஃபாக்டரி மூடியதிலிருந்து அவள் தம்பிகள் சும்மா இருக்கிறார்கள். கவிஞரைக் கரைத்த இடம் என்று ஆகிவிட்டால் கோடையெல்லாம் படகு ஓடும், தீவில் பாதை போடுவார்கள், ஒரு காபிக் கடை வரும். அவள் ஊரைப் பார்க்கிறாள். நான் அத்தையைப் பார்க்கிறேன். இரண்டும் ஒரே சாம்பல் பெட்டிக்குள் இருந்தால் நான் என்ன செய்ய?

அடுத்தது செயின்ட் ஜான்ஸிலிருந்து வந்திருந்த பேராசிரியர் ஹாலெட். அத்தையின் கவிதைகளைப் பற்றிப் பெரிய புத்தகம் எழுதியவர்.

"சார், அந்தக் கவிதையில பேசுறது அத்தை இல்ல, ப்ளான்ச்னு ஒரு பக்கத்து வீட்டுக்காரங்க."

அவர் சிரித்தார். "அந்த 'நான்' யாருங்கிறதுக்கே நான் ஒரு முழு அத்தியாயம் எழுதியிருக்கேம்மா."

"அத்தையக் கேட்டீங்களா?"

"கவிஞர்களக் கேட்டெல்லாம் அத எழுத முடியாது."

"அவங்களுக்கு போட்ல ஏறினாலே வாந்தி வரும் சார். அங்க போய்க் கரைக்கிறது பாவம்."

"அருமை!" என்று உடனே பேனாவை எடுத்துவிட்டார். "இதத் தீவுல என் பேச்சுல சேத்துக்கிறேன். கண்டிப்பா உன் பேரையும் சொல்றேன்."

எனக்குச் சுவரில் போய் முட்டிக்கொள்ளலாம் போல இருந்தது.

நேற்று சாயங்காலம் எல்லாருக்கும் ஹாலில் சாப்பாடு. உப்பு மாட்டிறைச்சி, முட்டைக்கோஸ், பட்டாணிக் களி. வானிலை அறிக்கையில் காலையில் பனி விலகும் என்று சொன்னதும் எல்லாரும் கை தட்டினார்கள். எப்படி அந்தத் தைரியம் வந்தது என்று தெரியாது, கரண்டியால் கோப்பையைத் தட்டிவிட்டு எழுந்து நின்றேன்.

"எங்க அத்தை கடலுக்குப் போக விரும்பல. மாமா பக்கத்துல பொதைக்கச் சொன்னாங்க. எங்கிட்ட சொன்னாங்க. அந்தக் கவிதை அவங்க ஆசை இல்ல. தயவுசெஞ்சு யாராவது கேளுங்க."

ஹால் அமைதியாகிவிட்டது. கேட்டுவிட்டார்கள் என்றே நினைத்தேன். அப்போது பின்வரிசையில் ஹெசக்கையா மாமா எழுந்தார். அவரும் தீவில் பிறந்தவர், உனக்குத்தான் தெரியுமே. கண்ணை மூடிக்கொண்டு மெதுவாக ஆரம்பித்தார்.

"வீட்டைக் கொண்டுபோனீர்கள், வாசல்படியை விட்டுவிட்டீர்கள்..."

பக்கத்தில் இருந்தவள் சேர்ந்துகொண்டாள். பிறகு அந்த மேசை முழுவதும். பிறகு ஹாலே சொன்னது, சின்னப் பிள்ளைகள்கூட:

"அதன் ஓரத்துத் தண்ணீரில் என்னை விடுங்கள்,
தட்டாமலே உள்ளே போய்க்கொள்வேன்."

எல்லார் கண்ணிலும் தண்ணீர். துக்கத்தில் நான் உளறுகிறேன் என்று நினைத்து என்னைத் தேற்றுகிறார்களாம். மேவிஸ் வந்து கட்டிக்கொண்டாள். அண்ணா, இதைக் கேள். கடைசி வரி வந்தபோது என் வாயும் தானாக அதைச் சொல்லிக்கொண்டிருந்தது. இரண்டாம் வகுப்பிலிருந்து சொல்லிச் சொல்லி ஊறிப்போனது, நிறுத்த முடியவில்லை. அத்தையின் வாயை அத்தையின் கவிதையை வைத்தே அடைத்தார்கள், நானும் கூடச் சேர்ந்து அடைத்தேன்.

வீட்டுக்கு வரும் வழியில் டிரக்கில் அப்பா வெடித்தார்.

"ஊர் நடுவுல மானத்த வாங்கிட்ட."

"அத்தை சொன்னத சொன்னேன்."

"அவ சொன்னத நீ கேட்ட. அவ எழுதினத நான் படிச்சேன்."

"அது ப்ளான்ச்சுப்பா!"

வண்டியின் வேகத்தைக் குறைத்தார். பிறகு குரல் மாறிவிட்டது. "ஏழு வயசுல என்னத் தூக்கிட்டு வந்துட்டாங்க. அங்க போய் நின்னா எனக்குன்னு ஒண்ணும் இல்ல. கல்லறையெல்லாம் புல்லு மூடிப்போச்சு. அவளாவது அங்க இருக்கட்டுமே."

"அது உங்க ஆசைப்பா. அத்தையோடது இல்ல."

"வாய மூடிட்டு வா."

அவர் தூங்கியதும் முன்னறையில் வைத்திருந்த சாம்பல் பெட்டியைப் பள்ளிப் பையில் போட்டுக்கொண்டேன். அம்மா கேரட் தோட்டத்தில் வைத்திருக்கும் சின்னக் கொத்துக்கரண்டியையும் எடுத்துக்கொண்டேன். மேட்டுக்கு ஓடினேன். பயந்து பயந்து, நாய் குரைத்தாலும் பதுங்கிப் பதுங்கி. உனக்குச் சிரிப்பு வரும். எனக்கு வரவில்லை.

அங்கே எங்கே கொத்தினாலும் கல். புல்லைத் தோலுரிப்பது போல உரித்துத் தனியாக வைத்துவிட்டு, கரண்டியாலும் விரலாலும் தோண்டினேன். நகம் பிய்ந்துவிட்டது. பெட்டிக்குள் இருந்த பையை அவிழ்த்து எல்லாவற்றையும் கொட்டி, மண்ணைப் போட்டு, புல்லை மேலே மூடி மிதித்தேன். மிதிக்கும்போது "மன்னிச்சிடுங்க" என்றேன். ஏதாவது ஜெபம் சொல்ல வேண்டும் என்று தோன்றியது. ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. மனதில் வந்ததெல்லாம் அந்தப் பாழாய்ப்போன கவிதைதான். அதைச் சொல்லக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு, "இனிமே வாந்தி வராது அத்தை," என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தேன்.

பின்கதவைத் திறந்தால் சமையலறையில் விளக்கு எரிகிறது. அப்பா வெறும் சாக்ஸோடு மேசையில் உட்கார்ந்திருக்கிறார். என் முட்டியில் இருந்த மண்ணைப் பார்த்தார். பையை வாங்கிப் பெட்டியை வெளியே எடுத்துக் கையில் தூக்கிப் பார்த்தார். அடித்துவிடுவார் என்றுதான் நின்றேன்.

"எல்லாத்தையுமா?"

"எல்லாத்தையும்."

"எனக்குக் கொஞ்சம் வெச்சிருக்கலாமே கெண்ட்ரா."

அது எனக்குத் தோன்றவே இல்லை அண்ணா. சத்தியமாகத் தோன்றவில்லை. அவர் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். நானும் கத்தியிருப்பேன்.

பெட்டியை மேசையில் வைத்துவிட்டு, "எவ்வளவு ஆழம்?" என்று கேட்டார்.

"முழங்கை வரைக்கும்."

"பத்தாது. குளிர்காலத்துல மண்ணு உறைஞ்சு பொங்கி மேல தள்ளிடும்."

"திரும்ப எடுக்கப்போறீங்களா?"

"எதுக்கு? போட்ல ஏத்தி அவள மறுபடியும் வாந்தி எடுக்க வைக்கவா? நானும்தானே ஒவ்வொரு வருஷமும் ஸ்டியரிங் பிடிச்சுக்கிட்டுப் பாத்தேன்." முகத்தைத் துடைத்துக்கொண்டார். "எனக்குத் தெரியாதுன்னா நெனச்ச?"

அப்போதுதான் எனக்குக் கோபம் வந்தது. தெரிந்துகொண்டேவா ஹாலில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்! கேட்டேன். அவர் எழுந்துபோய் விறகு அடுப்பின் அடித்தட்டை வெளியே இழுத்தார். ஆறிப்போன சாம்பல்.

"என்னப்பா பண்றீங்க?"

"மந்திரி வர்றாரு. மேவிஸ் இன்னும் ஹால்ல சாண்ட்விச் வெட்டிக்கிட்டிருக்கா. காலிப் பெட்டியவா கவுக்கச் சொல்ற? அந்த மாவுச் சல்லடைய எடு. பழைய பலகை எரிச்சது, ஆணி கிடக்கும்."

"அம்மாவோட சல்லடையா?"

"அவளுக்குத் தெரிஞ்சா எனக்கும் ஒரு பெட்டி வாங்கிடு."

நான் சிரித்துவிட்டேன். அவரும் சிரித்தார், பாதியில் அது அழுகையாகிவிட்டது. நான் சல்லடையைப் பிடித்தேன், அவர் தட்டித் தட்டிச் சலித்தார். இரண்டு ஆணியும் ஒரு கொக்கியும் கிடைத்தன. சலித்ததைக் கொட்டிப் பெட்டியை மூடி, ஈரத்துணியால் துடைத்து, பழையபடி முன்னறையில் வைத்தாயிற்று. பிறகு அப்பா மண்வெட்டியை எடுத்துக்கொண்டு மேட்டுக்குப் போனார், மண்ணோடு அள்ளி எடுத்து, இன்னும் ஆழமாகத் தோண்டி வைத்துவிட்டு வருகிறேன் என்று. என்னை வரவேண்டாம் என்றார். அவளோடு கொஞ்சம் தனியாக இருக்க வேண்டுமாம். இன்னும் திரும்பவில்லை. வழியில் யாராவது பார்த்துவிட்டால்? சர்ச் மேட்டில் மண்வெட்டியோடு நிற்கும் ஆளுக்கு என்ன காரணம் சொல்ல முடியும்?

அதைவிடப் பெரிய பயம் காலையை நினைத்து. தீவில் அந்தக் கவிதையை நான்தான் வாசிக்க வேண்டும். குடும்பத்துப் பெண் என்று மேவிஸ் முன்பே பேர் போட்டுவிட்டாள். மாட்டேன் என்றால் ஏன் என்று கேட்பார்கள். வாசித்தால் எல்லாரும் அழுவார்கள், பேராசிரியர் பேசுவார், அப்பா அடுப்புச் சாம்பலைத் தண்ணீரில் கவிழ்ப்பார். அங்கே ஒரு பலகை வைப்பார்கள், இங்கேதான் இருக்கிறாள் என்று.

அப்பா கிளம்பும்போது அதைத்தான் கேட்டேன். "இனிமே எப்பவும் அவங்க அங்கதான் இருக்காங்கன்னு எல்லாரும் நெனப்பாங்களேப்பா?"

"நெனச்சுக்கட்டும். உயிரோட இருந்தப்பவே அப்படித்தானே நெனச்சாங்க."

அத்தை கேட்டது கிடைத்துவிட்டது. ஆனால் அவள் சொன்னதை இன்றுவரை இந்த ஊர் கேட்கவில்லை, இனிமேல் கேட்கவும் போவதில்லை. நான்கூடச் சொல்ல முடியாதபடி நானே செய்துவிட்டேன். அதை நினைத்தால்தான் ஆத்திரமாக வருகிறது. யார் மேல் என்று தெரியவில்லை.

கடல் பக்கம் வெளிச்சம் தெரிகிறது. பனி சுத்தமாக விலகிவிட்டது. பின்கதவுச் சத்தம் கேட்கிறது, அப்பாதான் என்று நினைக்கிறேன்.

கிறிஸ்துமஸுக்கு நீ வந்தால் மேவிஸ் உன்னைத் தீவுக்குக் கூட்டிப்போகாமல் விடமாட்டாள். போ. தொப்பியைக் கழற்றிவிட்டு நில், அவள் சொல்வதற்கெல்லாம் தலையாட்டு. திரும்பி வந்ததும் என்னோடு மேட்டுக்கு வா.