மேசையைத் தட்டிய கை

அக்டோபர் வெயில் பளீரென்று அடித்துக்கொண்டிருந்த அந்தப் பிற்பகலில், லோரன்ஸ் ஹ்யூக்லின் பரணிலிருந்து ஆணி அடித்த மலையேறும் பூட்ஸை எடுத்து மாட்டிக்கொண்டான். நாற்பத்து மூன்று வயது லத்தீன் வாத்தியார், பல்கலைக்கழகத்துக்குப் பேச்சுக் கேட்கப் போகிறவர், இப்படியா போவார்? மனைவி ஹெட்விக் சமையலறை வாசலில் நின்று பார்த்தாள்.

"மலைக்குப் போறீங்களா, கிளாஸுக்குப் போறீங்களா?"

"மரத்தரை. நல்லாக் கேக்கணும்" என்றான்.

அவளுக்கு விஷயம் தெரியும். காலைத் தேய்த்துவிட்டு நேராக வீட்டுக்கு வரும்படி சொன்னாள். பிளம் கேக் அடுப்பில் இருந்தது.

எங்கள் பல்கலைக்கழகங்களில் கைதட்டுவது கிடையாது. பேச்சு பிடித்தால் விரல் முட்டியால் மேசையைத் தட்டுவோம். பிடிக்கவில்லையென்றால் காலைத் தரையில் தேய்ப்போம். பத்துப் பேர் சேர்ந்து தேய்த்தால் எப்பேர்ப்பட்ட பேராசிரியருக்கும் முகம் சிவந்துவிடும். ஒருவர் மட்டும் தேய்ப்பது அரிது. அதற்குத் தனியாக ஒரு துணிச்சல் வேண்டும். லோரன்ஸுக்கு அது எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. ஆனால் இந்த முறை ஆர்னோ கேட்டிருந்தான்.

ஆர்னோ வைல் அவனோடு படித்தவன், யூதன், இப்போது கடல் கடந்து மான்டிவிடியோவில் ஒரு கம்பளிக் கிடங்கில் குமாஸ்தா. போர் முடிந்து முகவரியைக் கண்டுபிடித்த நாளிலிருந்து லோரன்ஸ் அவனுக்கு ஏழு கடிதங்கள் எழுதினான். ஒன்றுக்கும் பதில் இல்லை. எட்டாவதில், ஏதோ ஊர்ச்செய்தி சொல்வதுபோல், தங்கள் பழைய பேராசிரியர் ஹாக்மான் மீதிருந்த தடை நீங்கிவிட்டது, இலையுதிர் காலத்தில் மறுபடி பேசப்போகிறார் என்று எழுதினான். அதற்குப் பதில் வந்தது.

"டேய் லோரன்ஸ், அன்னிக்கு என்னை வெளியே போகச் சொன்னப்ப நான் வீட்டுக்குப் போகலை. மாடிப்படியிலயே நின்னுட்டேன். கிளாஸ் முடிஞ்சதும் எல்லாரும் தட்டினீங்க. அதுல உன் மோதிரச் சத்தம் தனியாக் கேட்டுச்சு. பதினெட்டு வருஷமா கேட்டுக்கிட்டே இருக்கு. அந்த ஆள் பேசும்போது நீ போய் ஒரே ஒரு தடவை காலைத் தேய். தேய்ச்சுட்டு எனக்கு எழுது. அடுத்த கோடையில நான் வரேன்."

லோரன்ஸ் அந்தக் கடிதத்தை எத்தனை முறை படித்தான் என்பதற்குக் கணக்கில்லை. அப்பா தந்த வெள்ளி மோதிரம் அது. அதற்கு இப்படி ஒரு சத்தம் உண்டென்று அவனுக்கே தெரியாது.

ஹாக்மானின் தத்துவம் முழுக்க 'நிலம்' என்ற ஒரே சொல்லைச் சுற்றி வந்தது. மனிதன் முதலில் நிற்கிறான், பிறகுதான் நினைக்கிறான். எதன்மேல் நிற்கிறானோ அது அவன் நினைப்புக்குள் ஏறிவிடுகிறது என்பார். சொல்லிவிட்டு ஜன்னலோரம் போய் வெளியே பார்த்தபடி இரண்டு நிமிடம் நிற்பார். எண்பது பேர் மூச்சுவிட மறந்து காத்திருப்பார்கள். வகுப்பு முடிந்தால் லோரன்ஸும் ஆர்னோவும் திராட்சைத் தோட்டங்கள் வழியே அதைப் பற்றியே பேசிக்கொண்டு நடப்பார்கள். பசிகூடத் தெரியாது. ஒருநாள் ஆர்னோ வகுப்பிலேயே எழுந்து குறுக்கே பேசினான்: "நிலம்னு தனியா ஒண்ணு இல்லை, புரொபசர். இன்னொருத்தர் கொஞ்சம் தள்ளி நின்னு நமக்கு விட்ட இடம்தான் நிலம்." ஹாக்மான் திரும்பி அவனைப் பார்த்தார். பிறகு, "வைல், அதை எழுதி வை" என்றார். அன்று மாலை ஆர்னோவுக்குக் கால் தரையில் படவில்லை.

முப்பத்து மூன்று மே மாதம் ஹாக்மான் சட்டையில் கட்சிச் சின்னத்தோடு வந்தார். கையை உயர்த்தி வணக்கம் சொல்லிவிட்டு அதே சொல்லைத்தான் எடுத்தார். சொந்த நிலம் இல்லாத இனத்துக்குச் சிந்தனையும் இல்லை என்றார். வைலைப் பார்த்து, நீ வெளியே போகலாம் என்றார். பிறகு வகுப்பை நடத்தினார். அது மிக நல்ல வகுப்பு, அதுதான் கொடுமை. முடிந்ததும் எல்லோரும் தட்டினார்கள்.

அந்தச் சொல்லுக்குள் விஷம் முதலிலிருந்தே இருந்ததா, அவர் பிறகு கலந்தாரா? லோரன்ஸ் பதினெட்டு வருடமாக இதை மென்றுகொண்டிருந்தான், விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. போர் முடிந்து பிரெஞ்சுக்காரர்கள் வந்து அவரைப் பேசக்கூடாதென்று நிறுத்தியபோது, அவர் அரசியல் அறியாத அப்பாவி என்று ஊரில் பாதிப்பேர் நற்சான்று எழுதிக் கொடுத்தார்கள். லோரன்ஸிடமும் கேட்டார்கள். அவன் எழுதவில்லை, எதிர்த்துச் சாட்சி சொல்லவும் போகவில்லை. உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: அவன் ஏங்கியது ஆர்னோவுக்காக மட்டுமல்ல. அந்தக் குரலுக்காகவும், ஜன்னலோர மௌனத்துக்காகவும் ஏங்கினான். ஹெட்விக்கிடம்கூட அதைச் சொன்னதில்லை.

அரங்கம் நிரம்பி வழிந்தது. பாதிப்பேர் அந்த மே மாதத்தில் தொட்டிலில் கிடந்தவர்கள். லோரன்ஸ் தன் பழைய இடத்தில், மூன்றாவது வரிசையில் உட்கார்ந்தான். பக்கத்து இருக்கை காலியா என்று ஒரு மாணவி கேட்டாள். "ஆள் வருது" என்று அவன் வாய் சொல்லிவிட்டது. சொன்ன பிறகுதான் தனக்கே கேட்டது. அவள் வேறு இடம் தேடிப் போனாள். அந்த இருக்கை கடைசிவரை காலியாகவே இருந்தது.

ஹாக்மான் கம்பளிக் கோட்டில், தளர்ந்த நடையில் வந்தார். நடுவில் அந்தக் கட்சி ஆண்ட பன்னிரண்டு வருடங்களைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. ஏதோ போன வாரம் விட்ட இடத்திலிருந்து தொடர்வதுபோல ஆரம்பித்தார். குரல் மட்டும் அப்படியே இருந்தது. லோரன்ஸ் பூட்ஸைத் தரையில் அழுத்தி வைத்துக்கொண்டான். முதல் இடைவெளியில் தேய்த்துவிட வேண்டும்.

இடைவெளி வந்தது. ஹாக்மான் ஜன்னலோரம் போய் நின்றார். லோரன்ஸ் குதிகாலைத் தூக்கினான். அப்போது அவர் திரும்பி, யாரிடமோ மெல்லச் சொல்வதுபோலச் சொன்னார்:

"நிலம்னு தனியா ஒண்ணு இல்லை. இன்னொருத்தர் கொஞ்சம் தள்ளி நின்னு நமக்கு விட்ட இடம்தான் நிலம்."

ஆர்னோ வந்துவிட்டான். லோரன்ஸுக்கு அப்படித்தான் இருந்தது. இளவயது ஆர்னோ பக்கத்து இருக்கையிலிருந்து எழுந்து பேசியதுபோல நெஞ்சு நிறைந்துவிட்டது, கண்ணீர் கண்ணை மறைத்தது. மேசை மீது டக், டக், டக் என்று ஒரு சத்தம். அது தன் கை என்று உணர்வதற்குள் பின்வரிசை பிடித்துக்கொண்டது, பிறகு அரங்கம் முழுவதும். முதலில் தட்டியவன் அவன்தான். ஹாக்மான் அவன் பக்கம் பார்த்து லேசாகத் தலையைத் தாழ்த்தினார். ஆர்னோவின் பெயரை அவர் சொல்லவில்லை. தட்டல் அடங்கிய பிறகும் நேரம் இருந்தது, ஆனால் லோரன்ஸுக்குக் கால் எழவில்லை.

வீட்டில் ஹெட்விக் அவன் முகத்தைப் பார்த்தாள். கேக்கை வெட்டி வைத்தாள். எல்லாவற்றையும் கேட்டு முடித்த பிறகு, "தேய்ச்சேன்னு எழுதிடுங்க. யாரு வந்து பாக்கப் போறா? உங்க சிநேகிதர் வந்தாப் போதும்ல உங்களுக்கு" என்றாள்.

போதும்தான். அப்படியே ஒரு கடிதம் எழுதி உறையில் போட்டு ஒட்டினான். மூன்று நாள் அதைக் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டு தபாலாபீஸ் வழியாகவே பள்ளிக்கூடம் போய்வந்தான். நான்காம் நாள் கிழித்துப் போட்டுவிட்டு வேறு எழுதினான். நடந்தது நடந்தபடி. அந்த வரி, பெயர் சொல்லாதது, முதலில் தட்டியது, காலியாக வைத்த இருக்கை, எல்லாம். அதைத் தபாலில் போடும்போது, இனி தனக்கு ஆர்னோ இல்லை என்றுதான் நினைத்தான்.

பதில் ஜனவரியில் வந்தது.

"லோரன்ஸ், அந்த வரியை நான் மறந்தே போயிருந்தேன். நீ எழுதினதைப் படிச்சதும் இங்கே கிடங்குல, என் கை தானா மேசையைத் தட்டிடுச்சு. என் குரல்ல கேக்கலைடா, அவர் குரல்லதான் கேட்டேன். உன் மேல எனக்குக் கோபம் இல்லை. ஆனா அங்கே வந்தா நானும் அவர் பேச்சைக் கேக்க அந்த அரங்கத்துக்குள்ள போய் உக்காந்துடுவேன். நீ வச்சிருக்கிற அந்த இடத்துலயே உக்காந்துடுவேன். அதனால வரலை."

எப்போது வருகிறாராம் என்று ஹெட்விக் உள்ளேயிருந்து கேட்டாள். லோரன்ஸ் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு, "வரலையாம்" என்றான்.