கண்ணு விஷயம்

டிக்கெட் எடுக்காதவன் பரிசோதகரின் முகத்தைப் பார்க்க மாட்டான். ஜன்னலைப் பார்ப்பான், கூரையைப் பார்ப்பான், பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரின் காதைப் பார்ப்பான். முகத்தை மட்டும் பார்க்க மாட்டான். பஸ் பஸ்ஸாக ஏறி இறங்கியே தலை நரைத்துப்போன செக்கர், உலகத்தைப் பற்றிக் கற்றுக்கொண்ட ஒரே பாடம் இதுதான். அவருக்கு ஓய்வு கொடுத்து அனுப்பிவிட்டார்கள்; பாடத்துக்கு ஓய்வு கிடையாது. பால்காரர் வானத்தைப் பார்த்துப் பேசினால் பாலில் தண்ணீர். சொந்தத் தம்பி தரையைப் பார்த்துப் பேசினால் என்னவோ கேட்க வந்திருக்கிறான். அவர் மனைவி இதற்கெல்லாம் பழகி, கோபித்துக்கொள்வதையே விட்டுவிட்டாள்.

அப்படிப்பட்டவருக்குச் சம்பந்தியாக வரவிருந்த மனிதர், அவர் முகத்தை ஒருமுறைகூட நேராகப் பார்த்ததில்லை.

அந்த மனிதர் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்தார். ஊருக்கே அவர் கண்ணாடிக்காரர். மனைவியை இழந்தவர், அவருக்கு ஒரே மகன். செக்கரின் மகளும் அந்தப் பையனும் ஒருவரை ஒருவர் விரும்பிவிட்டார்கள். பையனிடம் குறை சொல்ல ஒன்றும் கிடைக்கவில்லை, அதற்காகச் செக்கர் தேடாமல் இல்லை. ஆனால் பேச்சுவார்த்தைக்கு வீட்டுக்கு வந்த அப்பாக்காரர், வந்ததிலிருந்து போகும்வரை செக்கரின் தோளுக்கு மேலே தொங்கிய காலண்டரைப் பார்த்தே பேசினார். செக்கருக்கு மூக்கு வேர்த்துவிட்டது.

கிளம்பும்போது கண்ணாடிக்காரரே ஒரு யோசனை சொன்னார். "நான் வருஷா வருஷம் மலைக்கு சைக்கிள்ல போவேன். நீங்களும் சர்வீஸ்ல இருந்தப்ப டிப்போவுக்கு சைக்கிள்லதான் போவீங்களாமே. ரெண்டு பேரும் நாலு நாள் சேர்ந்து போய்ட்டு வருவோம். ஒருத்தரை ஒருத்தர் தெரிஞ்சுக்கலாம்."

"இது என்ன கூத்து! பொண்ணு பார்க்க வருவாங்க, மாப்பிள்ளை பார்க்கப் போவாங்க. சம்பந்தியை சைக்கிள்ல வச்சுப் பார்க்கறதை இப்பதான் கேள்விப்படறேன்" என்றாள் மனைவி.

மகள் மட்டும் சிரிக்கவில்லை. "போய்ட்டு வாங்கப்பா. வந்து நீங்க சரின்னா சரி, வேண்டாம்னா வேண்டாம். நான் மறுபேச்சு பேச மாட்டேன்" என்றாள். சொன்னால் சொன்னபடி நிற்கும் பிள்ளை அது. ஆகவே கல்யாணம் நடப்பதும் நிற்பதும் செக்கர் திரும்பி வந்து சொல்லப்போகும் ஒரு வார்த்தையில் இருந்தது. அவரும் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டுதான் புறப்பட்டார்.

மலையடிவாரத்தில் சைக்கிள்களைப் பஸ் கூரையிலிருந்து இறக்கியதும் முதல் சந்தேகம் வந்தது. கண்ணாடிக்காரர் பையிலிருந்து பளீரென்ற ஆரஞ்சு நிறத்தில் கையில்லாத மேல்சட்டை ஒன்றை எடுத்து நீட்டினார். "இதைப் போட்டுக்கோங்க சம்பந்தி. மலை ரோடு, லாரிக்காரனுக்குத் தூரத்துலேர்ந்தே தெரியணும்."

"இன்னும் ஒண்ணும் முடிவாகலை சார்" என்றார் செக்கர், அந்தச் 'சம்பந்தி'யைத் தட்டிவிட்டு. "உங்களுக்கு?"

"எனக்கு வேண்டாம். நீங்க முன்னாடி போங்க, நான் பின்னாடி வர்றேன்."

கேட்காமல் பொருள் கொடுப்பவனையும் பின்னாலேயே வருகிறேன் என்பவனையும் செக்கர் எந்தக் காலத்தில் நம்பினார்? போட்டுக்கொண்டு ஏறினார். மேட்டில் நாக்குத் தள்ளியது. தொடை இரண்டும் கல்லாகிப் போயின. பின்னால் கண்ணாடிக்காரர் சுகமாக மிதித்துக்கொண்டு வந்தார். மனிதருக்கு உடம்பில் வலு இருந்தது. செக்கர் வேண்டுமென்றே நின்றால் அவரும் நின்றார். வழிவிட்டு ஒதுங்கினால், "பரவாயில்லை, நீங்க போங்க" என்றார். கன்றுக்குட்டி மாதிரி இதென்ன ஒட்டுதல்? பள்ளத்தாக்கு முழுவதும் வெயில் விழுந்து பச்சைப்பசேலென்று கிடந்தது, தூரத்து மலைகள் ஒன்றன் பின் ஒன்றாக நீலமாக நின்றன. செக்கர் அதில் எதையும் பார்த்தவரில்லை. அவர் பார்வையெல்லாம் ஹேண்டில்பாரில் தான் மாட்டியிருந்த சின்னக் கண்ணாடியிலேயே இருந்தது.

முதல் ஊரில் மாவு மில்லுக்கு மேலே ஓர் அறை கிடைத்தது. மில் நடத்திய அம்மாளே ரொட்டியும் முட்டையும் டீயும் கொண்டுவந்து வைத்து, பக்கத்தில் உட்கார்ந்து ரோட்டின் நிலைமையை எல்லாம் சொன்னாள். காலையில் மில் வாசலில் அதே அம்மாள் தலையில் மாவுத்தூளோடு நின்றாள். கண்ணாடிக்காரர் அவளை நெருங்கி, "ஏம்மா, இங்க டீ எங்க கிடைக்கும்?" என்று யாரோ எவரோ போலக் கேட்டார்.

அந்த அம்மாள் திருதிருவென்று விழித்தாள். "என்ன ஐயா, நேத்து நான்தானே உங்களுக்கு டீ போட்டுக் குடுத்தேன்?"

"அட, ஆமாம்ல!" என்று கண்ணாடிக்காரர் பூசி மெழுகினார். செக்கர் விடுவாரா? தெரிந்த ஆளைத் தெரியாதது போல் நடிப்பது எப்போது? வேறு ஏதோ ஒரு பழக்கத்தை மறைக்கும்போது. அன்று பூராவும் மில்காரம்மாளையும் கண்ணாடிக்காரரையும் சேர்த்து வைத்து யோசித்து, அந்தக் கணக்கு ஒத்துவராமல், பெடல் மிதித்ததே தெரியாமல் ஒரு மேட்டைக் கடந்துவிட்டார்.

அடுத்த ஊருக்கு முன்னால் ரோடு இரண்டாகப் பிரிந்தது. பூசணிக்காய் அளவு எழுத்தில் போர்டு நின்றது. "எந்தப் பக்கம் போட்டிருக்கு?" என்று கேட்டார் கண்ணாடிக்காரர். வருஷா வருஷம் மலைக்கு வருகிற ஆள், போர்டுக்கு நேர் எதிரே நின்றுகொண்டு கேட்கிறார். வழி தெரியாதது மாதிரி காட்டிக்கொள்கிறார் என்று செக்கர் முடிவு கட்டினார். இந்த ஊருக்கு இவர் முன்பே வந்திருக்கிறார். இங்கே யாரோ இருக்கிறார்கள்.

அந்த ஊரில் ஆட்டுப்பட்டியை ஒட்டிய ஒரு வீட்டில் தங்கினார்கள். சாயங்காலம் செக்கர் காலை வெந்நீரில் நனைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, பட்டிக்குப் பின்பக்கமிருந்து கண்ணாடிக்காரரின் குரல் கேட்டது. போனில் பேசுகிறார், அதுவும் அடக்கி. செக்கர் ஈரக் காலோடு எழுந்து சுவரோரமாகப் போய்க் காதைத் தீட்டிக்கொண்டார்.

"இல்லம்மா... கண்ணு விஷயத்தை இன்னும் அவர்கிட்ட சொல்லலை. வாயே வரமாட்டேங்குது... தெரிஞ்சா கல்யாணத்தையே நிறுத்திடுவாரோன்னு பயமா இருக்கு... சரிம்மா. நாளைக்கு இறக்கம் ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி சொல்லிடறேன். நீ கவலைப்படாதே."

செக்கர் ஓசைப்படாமல் திரும்பி வந்து காலை மறுபடி வெந்நீரில் வைத்தார். உள்ளதைச் சொல்லவேண்டுமென்றால், அவருக்குக் கொஞ்சம் சந்தோஷமாகவும் இருந்தது. சொன்னேனா இல்லையா! கண்ணு! யார் அந்தக் கண்ணு? எங்கே வைத்திருக்கிறார்? பெயரைப் பார், கண்ணாம், கொஞ்சலைப் பார். அந்தக் கண்ணு விஷயம் தெரிந்து, அதை மறைக்க ஒத்தாசை செய்கிற இன்னொருத்தி வேறு. 'ம்மா'வாம்! இந்த ஆளைப் பெற்ற அம்மா போய்ச் சேர்ந்து எத்தனையோ வருஷம். ஆக இரண்டு பெண்கள். இந்த வீட்டிலா என் பெண் வாழப் போவது?

மறுநாள் காலையில் மலை உச்சிக்கு ஏறி முடித்தார்கள். அங்கே ஒரு கல்மேடையும் காற்றும் தவிர ஒன்றுமில்லை. கீழே ரோடு வளைந்து வளைந்து இறங்கியது. கண்ணாடிக்காரர் சைக்கிளைச் சாய்த்து வைத்தார், தண்ணீர் குடித்தார், தொண்டையைச் செருமினார்.

"சம்பந்தி, இறங்கறதுக்கு முன்னாடி நான் சொல்றதைக் கொஞ்சம் கேக்கணும்."

இதே வார்த்தை. 'சார், நான் சொல்றதைக் கொஞ்சம் கேளுங்க' என்று ஆரம்பிக்காத டிக்கெட் இல்லாத பயணி உண்டா? அதற்குப் பிறகு வருவது முழுக்கக் கதை என்பது செக்கரின் சர்வீஸ் அனுபவம். கதை கேட்க அவர் தயாராக இல்லை. கையும் களவுமாகப் பிடிக்க வேண்டும்.

"எல்லாம் கீழ போய்ப் பேசிக்கலாம் சார்" என்று சொல்லிவிட்டு, அவர் கூப்பிடக் கூப்பிடத் திரும்பிப் பாராமல் இறங்கிவிட்டார். தனியாக விட்டால் ஆள் உடனே கண்ணுக்குப் போன் போடுவார் என்பது கணக்கு. இரண்டு வளைவு தாண்டியதும் ஒரு பாறை மறைவில் சைக்கிளைத் தள்ளினார். ஒளிந்திருப்பவனுக்கு ஆரஞ்சுச் சட்டை எதற்கு? கழற்றிச் சுருட்டிப் பைக்குள் திணித்தார்.

பாறைக்குக் கொஞ்சம் கீழே, வளைவின் வெளியோரத்தில் ரோடு பாதி சரிந்து போயிருந்தது. யாரும் அந்தப் பக்கம் போய்விடாமலிருக்க வெள்ளையடித்த கற்களை வரிசையாக வைத்திருந்தார்கள். கற்களுக்கு அப்பால் தரை இல்லை.

கண்ணாடிக்காரர் வந்தார். காதில் போன் இல்லை. ரொம்ப மெதுவாக, இரண்டு பிரேக்கையும் பிடித்தபடி, கழுத்தை ஒரு பக்கம் சாய்த்து, ரோட்டைப் பார்க்காமல் மலைச்சரிவைப் பார்த்துக்கொண்டு வந்தார். "சம்பந்தி! எங்க இருக்கீங்க? குரல் குடுங்க!" என்று கத்திக்கொண்டே வந்தார். செக்கர் ஒளிந்திருந்த பாறைக்குக் கைக்கெட்டும் தூரத்தில் கடந்து போனார். பார்க்கவில்லை. வளைவு வந்தது. வளையவில்லை. வெள்ளைக் கற்களை நோக்கி நேராகப் போனார்.

"சம்பந்தி! நில்லுங்க! விழுங்க, அப்படியே கீழ விழுங்க!"

செக்கரின் வாயிலிருந்து வந்தது அவருக்கே கேட்கவில்லை. கண்ணாடிக்காரருக்குக் கேட்டது. பிரேக்கை இறுக்கிப் பக்கவாட்டில் சாய்ந்தார். சைக்கிள் அவரையும் இழுத்துக்கொண்டு போய் ஒரு கல்லில் முட்டி நின்றது. முன்சக்கரம் வெறும் காற்றில் சுற்றிக்கொண்டிருந்தது.

செக்கர் அவரை இழுத்து வந்து ரோட்டு நடுவில் உட்கார வைத்தார். கண்ணாடிக்காரரின் முழங்கை உரிந்து ரத்தம் வழிந்தது. வெயிலுக்கு அவர் போட்டிருந்த கறுப்புக் கண்ணாடி எங்கோ தெறித்துப் போயிருந்தது.

"அறிவிருக்கா உங்களுக்கு? இத்தனை பெரிய கல்லு தெரியலையா?"

"தெரியலை" என்றார் அவர்.

"யாரு சார் அந்தக் கண்ணு? அவ நினைப்புலயே வந்தீங்களா? நேத்து போன்ல பேசினதை நான் கேட்டேன். கண்ணு விஷயம், கண்ணு விஷயம்னு!"

கண்ணாடிக்காரருக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு ரத்தம் ஒட்டிய விரலால் தன் முகத்தைத் தொட்டுக் காட்டினார்.

"இந்தக் கண்ணுதாங்க. வேற எந்தக் கண்ணு?"

செக்கர் குனிந்து அந்த முகத்தைப் பார்த்தார்.

"நேரா பார்த்தா நடுவுல கறுப்பா ஒரு ஓட்டை. உங்க முகம் இருக்கிற இடத்துல ஒண்ணுமே இருக்காது. கொஞ்சம் தள்ளிப் பார்த்தாதான் ஓரத்துல ஏதோ தெரியும். பளிச்சுனு ஒரு கலர் முன்னாடி போனா அதைப் பிடிச்சுக்கிட்டே வந்துடுவேன். திடீர்னு அது காணாமப் போயிடுச்சு. எங்கப்பாவுக்கும் இப்படித்தான், இந்த வயசுலதான் வந்தது. என் பையனுக்கும் வரலாம், வராமலும் போகலாம்ங்கறார் டாக்டர். பொண்ணு குடுக்கறவங்ககிட்ட இதை மறைக்கலாமா? சொல்றதுக்குன்னுதான் உங்களைக் கூட்டிட்டு வந்தேன். ஒவ்வொரு மேட்டுலயும் சொல்லிடணும்னு நினைச்சேன், முடியலை. இன்னிக்குத் துணிஞ்சு வாயைத் திறந்தேன். நீங்க போயிட்டீங்க."

பையில் சுருண்டு கிடந்த ஆரஞ்சுச் சட்டை செக்கரின் முதுகைச் சுட்டது. சந்தேகத்தால் ஒரு ஆளைக் கொன்றிருப்பேனே என்று நினைத்ததும் அவரும் பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டார். ஆனால் செக்கர் செக்கர்தானே. ஒரு கேள்வி இன்னும் மிச்சமிருந்தது.

"அப்ப போன்ல அந்த 'ம்மா' யாரு?"

"உங்க பொண்ணுதான்" என்றார் கண்ணாடிக்காரர், அவர் காதைப் பார்த்தபடி.

இரண்டு சைக்கிளையும் தள்ளிக்கொண்டு, ஒருவர் தோளை ஒருவர் பிடித்தபடி, கீழே இருந்த நாலு வீட்டு ஊருக்கு நடந்து இறங்கினார்கள். குழாயடியில் கண்ணாடிக்காரரை உட்கார வைத்துவிட்டு, செக்கர் கொஞ்சம் தள்ளிப் போய் மகளுக்குப் போன் போட்டார்.

"உனக்கு முன்னாடியே தெரியுமா?"

எதற்கென்று அவள் கேட்கவில்லை. "தெரியும்பா. பழகின புதுசுலயே அவர் தன்னோட அப்பா கண்ணைப் பத்திச் சொல்லிட்டார்."

"அம்மாவுக்கு?"

"அம்மாகிட்டதான் மொதல்ல சொன்னேன்."

"எங்கிட்ட ஏம்மா சொல்லலை?"

"சொன்னா, இன்னும் என்னெல்லாம் மறைக்கிறாங்கன்னுதான் தேடுவீங்க. அந்த மனுஷரை மனுஷராவே பார்க்க மாட்டீங்க. கூட நாலு நாள் இருந்தாலாவது பார்ப்பீங்கன்னு நினைச்சேன்."

"நாளைக்கு உன் புருஷனுக்கும் வந்தா?"

"வந்தா நான் இருக்கேன். அதைப் பத்தி நான் யோசிக்காம இருப்பேனாப்பா? நீங்க என்ன சொல்லப் போறீங்க, அதைச் சொல்லுங்க. வேண்டாம்னா வேண்டாம்னு நான் வாக்குக் குடுத்திருக்கேன்."

குழாயடியில் கண்ணாடிக்காரர் தண்ணீரைத் திறக்கக் குழாயின் திருகைத் தேடிக்கொண்டிருந்தார். அவர் கை சுவரைத் தடவியது, வெறும் காற்றைத் தடவியது, பிறகு அதைப் பிடித்தது. யாரும் பார்க்கவில்லை என்ற நினைப்பில் அவர் முகம் நிம்மதியாக இருந்தது.

"சரிம்மா. கல்யாணத்தை வச்சுக்கலாம்" என்றார் செக்கர்.

மறுமுனையில் சிரிப்புச் சத்தத்தை அவர் எதிர்பார்த்தார். வந்தது அழுகை. விசும்பல் இல்லை, சின்ன வயதில் காணாமல் போய்த் திரும்பக் கிடைத்த அன்று அழுதாளே, அப்படி ஒரு தேம்பல். அடங்க வெகு நேரமாயிற்று. பெண் கல்யாணம் நிச்சயமானதற்கு இவ்வளவு அழுவாளா என்று முதலில் அவருக்குப் புரியவில்லை. பிறகு உறைத்தது. மாதக்கணக்காக அந்தப் பிள்ளை ஒரு ஆளுக்குப் பயந்து பயந்து செத்திருக்கிறது. அந்த ஆள் பெற்ற அப்பன்தான். போனை வைக்க அவருக்கு மனம் வரவில்லை. அவள் அழுது முடிக்கும்வரை அப்படியே காதில் வைத்துக்கொண்டு நின்றார்.