பட்டியலில் இல்லாத உறவு

காலையிலிருந்து ஆர்பெனிக்குக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஜன்னல் வரை போவாள், வருவாள், மறுபடி போவாள். மேசையில் ஒரு பெட்டி நிறைய ஆப்ரிகாட் பழம். நேற்று கவோர் ஹ்ராச்சியா கொண்டுவந்து வைத்தது. ஒன்றைக்கூட அவள் தொடவில்லை.

கவோர் என்றால் சும்மாவா? கல்யாணத்தில் அவள் தலைக்கும் வஹ்ராம் தலைக்கும் மேலே சிலுவை பிடித்து நின்றவர், பிறகு அவர்கள் மகளுக்கு ஞானத்தகப்பன் ஆனவர். கவோர் பேச்சைத் தட்டக்கூடாது. அவர் பேசாவிட்டால் அது இன்னும் மோசம். "கெகாம் விஷயமா ஒரு வார்த்தை பேச மாட்டேன், பழம் சாப்பிடு" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார் மனுஷன். கேட்டிருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

கெகாம் அவர் மகன். மேல்முறையீட்டு நீதிமன்ற நீதிபதி பதவிக்கு அவன் பெயர் இன்று மதியம் நாடாளுமன்றக் குழுவில் ஓட்டுக்கு வருகிறது. குழுவில் ஏழு பேர். மூன்று பேர் அவன் பக்கம், மூன்று பேர் எதிர்ப்பக்கம். மிச்சம் ஆர்பெனிக்.

"அவன் நல்ல வக்கீல்தானே? அப்புறம் என்ன?" என்றான் வஹ்ராம், சட்டைப் பொத்தானைப் போட்டபடி.

"நல்ல வக்கீல்தான். அதுதான் வயித்தெரிச்சல். நல்லவன்னு கை தூக்கறேனா, கவோர் பையன்னு தூக்கறேனா, எனக்கே தெரியல."

"சட்டத்துல கவோர் இல்லையே. எழுதினவளே நீதான்."

சுருக்கென்று தைத்தது. பத்தொன்பது வயதில் ஒரு வக்கீல் ஆபீசில் டைப் அடித்தவள், தானே வக்கீலாகி, ராணுவத்தில் மகனைப் பறிகொடுத்த தாய்மார்களுக்காகப் பதினோரு வருஷம் கோர்ட் படியேறினாள். அந்தத் தாய்மார்கள்தான் வீடு வீடாக ஓட்டுக் கேட்டு அவளை நாடாளுமன்றத்துக்கு அனுப்பினார்கள். வந்த வருஷமே, உறவுக்காரர் விஷயத்தில் யாரும் ஓட்டுப் போடக்கூடாது என்று சட்டம் எழுதினாள். மாமியார், மச்சான், மாமா பிள்ளை என்று நீண்ட பட்டியலில் முதலில் கவோரும் இருந்தார்.

"கவோரையும் போட்டா இந்த நாட்டுல யாரும் யாருக்கும் கை தூக்க முடியாதும்மா" என்று சபையே சிரித்தது. அவளும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டு, தன் பேனாவாலேயே அந்த ஒரு வார்த்தையை அடித்தாள். கோழைத்தனம்தான், வேறென்ன.

மதியம் கெகாம் பெயரைப் படித்ததும் ஆர்பெனிக் எழுந்தாள்.

"தலைவரே, நான் ஓட்டுப் போடலை. கெகாம் என் கவோர் மகன்."

"பட்டியல்ல கவோர் இல்லையே, உட்காருங்க" என்றார் தலைவர். "அந்தப் பட்டியலை எழுதின புண்ணியவதி யாருன்னு ஞாபகம் இருக்கா?"

எல்லோரும் சிரித்தார்கள்.

"எழுதினதும் நான்தான், அடிச்சதும் நான்தான். அன்னிக்கு நீங்க சிரிச்சீங்க, நான் பயந்துட்டேன்."

பையை எடுத்துக்கொண்டு வெளியே வந்து, தாழ்வாரத்தில் கால் கடுக்க நடந்தாள். உள்ளே மூன்றுக்கு மூன்று. சமமாக வந்தால் நியமனம் கிடையாது. கெகாம் தோற்றான்.

சாயங்காலம் கவோர் வந்தார். தொப்பியைக் கழற்றாமல் வாசலிலேயே நின்றார்.

"உன் சட்டப்படி நான் உனக்கு யாரோ. யாரோன்னே விட்டிருந்தா என் பையன் இன்னிக்கு நீதிபதி. நீயா எழுந்து, ஊர் பூரா பார்க்க உறவுன்னு சொன்ன. சொல்லி அவன் பொழைப்புல மண்ணை அள்ளிப் போட்டுட்ட."

"ஆமா, கவோர் ஜான்" என்றாள், எப்போதும் பிரியமாகச் சேர்க்கும் அந்த 'ஜான்' விடாமல்.

மன்னிப்பு நாக்கு நுனி வரை வந்தது. கேட்டால் பொய்யாகிவிடும் என்று விழுங்கினாள். வஹ்ராம் அவரை உள்ளே வரச் சொல்லி நாற்காலியை இழுத்துப் போட்டான்.

கவோர் பழப்பெட்டியைப் பார்த்தார். ஒன்றுகூடக் குறையவில்லை. தொப்பியைக் கழற்றி, மேசையின் தலைப்பக்கம் தன் வழக்கமான நாற்காலியில் உட்கார்ந்தார்.

"கெகாம் உன் முகத்துல முழிக்க மாட்டான். என் பொண்டாட்டி ரெண்டு வருஷம் பேச மாட்டா. ஆனா உறவுன்னு நாடாளுமன்றத்துல சொல்லிட்ட, இனிமே நீயே நினைச்சாலும் அதை அடிக்க முடியாது. காப்பி போடு."

ஆர்பெனிக் அடுப்புப் பக்கம் போனாள். அவர் பக்கமே பார்த்து நின்றதில் காப்பி பொங்கி அடுப்பெல்லாம் வழிந்தது.

"இத்தனை வருஷமாகியும் வக்கீலம்மாவுக்கு இது மட்டும் வரல" என்று வஹ்ராமிடம் சொன்னார் கவோர்.