தலை மட்டும் சாம்பியன்

விழா மலரின் ஏழாம் பக்கத்தைப் பார்த்ததும் கஜனிக்கு உடம்பு கூசியது. மேலே வீடு வாங்கித் தருபவரின் விளம்பரம், கீழே கொத்துரொட்டிக் கடை விளம்பரம், நடுவில் அவளுடைய தலை. கழுத்துக்குக் கீழே சிவப்புப் பட்டுச் சேலை, மாலை, கையில் ஒரு செம்பு. பனிச்சறுக்கில் இரண்டு தரம் மாகாணச் சாம்பியன் என்று அடியில் போட்டிருந்தார்கள். செம்போடு எந்த மலையில் சறுக்கினாள் என்பது அச்சடித்தவர்களுக்கே வெளிச்சம்.

அந்த உடம்பும் அவளுடையதுதான். பதின்மூன்று வயதில், பெரியபிள்ளையானபோது எடுத்த சாமத்தியச் சடங்குப் படம். இருபது வயதுத் தலையை வெட்டி அதில் ஒட்டியிருக்கிறார்கள்.

தலை வந்தது அப்பா எடுத்த படத்திலிருந்து. அப்பா சண்முகலிங்கம் கிழமை முழுக்க வாடகைக்கு ரக்சிக் கார் ஓடிவிட்டு, சனி விடியவே மில்லிக்கன் வீட்டிலிருந்து மகளை ஏற்றிக்கொண்டு இரண்டு மணி நேரம் வடக்கே மலைக்குப் போவார். சப்பாத்துக்குள் பனி புக அடிவாரத்தில் நிற்பார். உடம்போடு ஒட்டின உடுப்போடு குமர்ப்பிள்ளையை வெள்ளைக்காரப் பெடியளோடு விடுகிறான் என்று ஊர்ச் சங்கத்து ஆட்கள் வாய் கிழியப் பேசினார்கள். அவர் ஒரு கிழமையும் தவறவில்லை. சறுக்கும்போது விழுந்து கஜனியின் முழங்கால் நாண் அறுந்து, ஆணி பூட்டி, ஒரு வருடம் கழித்து இந்தக் குளிர்காலத்தில் அவள் மறுபடியும் வென்றபோது எடுத்த படம் அது. முழங்கால் கட்டும் தெரிய நின்றாள். கை நடுங்காமல் அவர் எடுத்த ஒரே படம். அடுத்த மாதமே மாரடைப்பில் போய்விட்டார். நெகட்டிவ் எங்கேயோ தொலைந்தது. மிஞ்சியது அந்த ஒரு பிரதிதான்.

பிறகு அதே சங்கம் பொன்னாடை போர்த்தக் கூப்பிட்டது. வெட்கம் என்பது மருந்துக்கும் கிடையாது. அப்பாவின் படத்தை முழுதாகப் போட்டால் வருகிறேன் என்று கஜனி சொன்னாள். தலைவர் நவரட்ணம் பல்லெல்லாம் தெரியச் சிரித்துப் படத்தை வாங்கிக்கொண்டு போனார்.

இப்போது மேடைக்குப் பக்கத்தில் அவரைப் பிடித்து, மிச்சப் படம் எங்கே என்று கேட்டாள்.

"கால் எல்லாம் உரிச்சு வச்ச மாதிரித் தெரியுது, பிள்ளை. குடும்பங்கள் வாற இடமெல்லோ. வெட்டின துண்டை ஸ்ரூடியோக்காரன் எறிஞ்சிருப்பான்," என்றார் நவரட்ணம், வடையைக் கடித்துக்கொண்டு. விரல்களில் எண்ணெய் மினுங்கியது. இந்த விரல்களாலா அப்பாவின் படத்தைப் பிடித்தார் என்று நினைக்கவே அவளுக்கு அருவருத்தது.

"சாமத்தியப் படம் ஆர் தந்தது, அங்கிள்?"

"உங்கட அம்மாதான். தானே கொண்டந்து தந்தவ."

அதற்குள் அவளுடைய பெயரைக் கூப்பிட்டுவிட்டார்கள். மேடையில் அதே ஒட்டுப்படம் ஆள் உயரத்தில் நின்றது. அவள் பெண் குலத்தின் மாணிக்கம் என்று நவரட்ணம் முழங்கினார். மலையையோ முழங்காலையோ பற்றி மூச்சுக்கூட விடவில்லை. பொன்னாடை தோளில் விழுந்தது. கஜனி மைக்கைப் பிடித்தாள்.

"உந்தப் படத்தில தலை மட்டும்தான் போட்டியில வெண்ட ஆள். வெண்ட காலை இவையள் வெட்டி எறிஞ்சிட்டினம்."

சனம் அதைப் பகிடி என்று நினைத்துச் சிரித்தது. பிறகு கை தட்டியது. அவள் பொன்னாடையை உருவிக் கதிரையில் போட்டுவிட்டு இறங்கினாள்.

முன்வரிசையில் அம்மா பேபி அழுதுகொண்டிருந்தார். ஒரு போட்டிக்கும் வராதவர். முழங்கால் அறுந்த அன்று ஆஸ்பத்திரிக்கு வந்து, நல்லதாய்ப் போச்சு, இனியாவது நிப்பாட்டு என்று சொன்னவர். வெட்டுப்பட்ட படத்துக்காகத்தான், அப்பாவின் கைபட்டது போய்விட்டதே என்றுதான் அழுகிறார் என்று ஒரு கணம் கஜனி நம்பிவிட்டாள். அருகே குனிந்தாள்.

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு மேடைப் படத்தைக் காட்டினார்.

"இப்பதானடி என்ர பிள்ளை மாதிரி இருக்கிறாய்."

கஜனிக்கு உண்மையாகவே ஓங்காளம் வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு வாசலுக்கு ஓடினாள்.