கலேமெராவின் பக்கத்து இடம்

செத்துப்போன சக்களத்தியோடு குடித்தனம் பண்ணிப் பார்த்தவளுக்குத்தான் அந்தக் கஷ்டம் தெரியும். உயிரோடு இருக்கிறவளென்றால் தெருத்தொட்டியில் தண்ணீர் பிடிக்கும்போது நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுவிடலாம். செத்தவளை என்ன கேட்பது? அவள் வேகவைத்த பயறு ஒருநாளும் அடிப்பிடித்ததில்லை, அவள் குரல் ஒருநாளும் உயர்ந்ததில்லை. ரோமாபுரியில், கப்பேனா வாசலுக்குப் பக்கத்துச் சந்தில் செருப்புத் தைத்த விடாலியோவுக்கு இரண்டாம் தாரமாக வாழ்க்கைப்பட்டு, உர்சா இப்படிப் பதினாலு வருஷம் ஓட்டினாள்.

மூத்தாள் பெயர் கலேமெரா. ஆப்பியா சாலைக்குக் கீழே கிறிஸ்தவ சபையார் தோண்டி வைத்திருக்கும் சுரங்கத்தில், சுவரைக் குடைந்த ஓர் இரட்டைக் குழியில் அவள் கிடந்தாள். இரண்டு பேர் அக்கம்பக்கமாகப் படுக்கிற அளவு. அவள் போனபோதே விடாலியோ தனக்கும் சேர்த்து வெட்டச் சொல்லிவிட்டார். மூடின கல்லில் 'கலேமெரா, விடாலியோ, சமாதானத்தில்' என்று இரண்டு பேரையும் பொறித்து, நடுவில் ஒரு ஜோடிச் செருப்பும் கீறியிருந்தது. அவர் பேருக்குக் கீழே மட்டும் நாள் போட இடம் விட்டிருந்தார்கள்.

வருஷத்துக்கு ஒருமுறை கலேமெரா போன நாள் வரும். அன்றைக்குக் கல்லறைக்குப் போய் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு வருவது எல்லோருக்கும் உள்ள வழக்கம்தான். கூடை கட்டுகிறவள் உர்சா. ரொட்டி, அவித்த முட்டை, உப்புமீன், தண்ணீர் கலந்த திராட்சை ரசம். நாலைந்து வருஷம் போனபிறகு ஒரு சட்டி கூழும் சேர்ந்துகொண்டது.

"கூழு யாருக்கு? மகாராணிக்குப் பல்லு கொட்டிப்போச்சா?" என்று கேட்டாள் உர்சா.

"பல்லில்லாதவங்களும் இருப்பாங்கல்ல" என்றார் விடாலியோ.

"இருப்பாங்க, இருப்பாங்க. நீங்களும் அப்படியே அங்க படுத்துக்குங்க. எடந்தான் புடிச்சு வெச்சிருக்கே!"

அவர் சிரித்துக்கொண்டே கூடையைத் தோளில் மாட்டிப் போய்விடுவார். அவளை வா என்று அழைத்ததில்லை. அழைத்திருந்தாலும் போயிருக்க மாட்டாள் என்பது வேறு விஷயம்.

அந்த மனுஷன் ஆகஸ்ட் வெயிலில், பட்டறையில், கையில் ஊசியோடு உட்கார்ந்தபடியே சாய்ந்துவிட்டார். கூப்பிட்டுப் பார்ப்பதற்குள் முடிந்துவிட்டது. ஒரு வார்த்தை சொல்லவில்லை, ஒரு வாய் தண்ணீர் கேட்கவில்லை.

உடம்பைக் கழுவித் துணி சுற்றி முடிப்பதற்குள் நாத்தனார் செவேரா வந்துவிட்டாள். விடாலியோவின் அக்கா. அழ வேண்டியதை வாசலிலேயே அழுது முடித்துவிட்டு உள்ளே வந்தாள்.

"கலேமெரா பக்கத்துல வெச்சிரலாம். கல்லுல பேரு வெட்டியாச்சு. நாள் ஒண்ணுதான் பாக்கி."

"நான் எங்க படுக்கறதாம்?" என்றாள் உர்சா.

"நீ இப்பச் சாகலையே."

"என்னைக்காவது சாவேன்ல?"

"அன்னைக்குப் பாத்துக்கலாம். சபையில உனக்கொரு பொந்து கெடைக்காமலா போயிரும்?"

"ஓ, எனக்குப் பொந்து! அப்ப நான் யாரு அக்கா? பட்டறையில தோலு ஊறவைக்க வந்தவளா?"

செவேரா கொஞ்சம் இறங்கி வந்தாள். "கோவிச்சுக்காத. ஆண்டவரு எக்காளம் ஊதி எழுப்புற அன்னைக்கு, கண்ணத் தொறந்தா மொதல்ல கட்டினவ பக்கத்துல இருக்கணும். அதுதான் மொறை."

உர்சாவின் வயிற்றில் நெருப்புப் பட்டது அந்த இடத்தில்தான். அவளுக்கு அந்த நாளைப் பற்றிச் சந்தேகமே கிடையாது. திருவிழாக் கூட்டம் மாதிரி செத்தவர்கள் எல்லோரும் அந்தச் சுரங்கத்துப் படியில் ஏறி வெளிச்சத்துக்கு வருவார்கள். விடாலியோ கண்ணைத் திறப்பார், பக்கத்தில் கலேமெரா. இரண்டு பேரும் கையைப் பிடித்துக்கொண்டு முன்னால் போய்விடுவார்கள். இவள் எங்கேயோ ஒரு மூலைச் சந்திலிருந்து எழுந்து, இத்தனை தலைக்கு நடுவில் அவரைத் தேடிக்கொண்டு அலைய வேண்டும். பதினாலு வருஷம் அவருடைய இருமலுக்குக் கஷாயம் வைத்தவள் இவள். நினைக்க நினைக்க அழுகை முட்டியது. செவேரா முன்னால் அழக்கூடாது என்று பல்லைக் கடித்தாள்.

சபை மூப்பரைக் கேட்டார்கள். அவர் நேர்மையான மனுஷர், அதனால் யாருக்கும் வலிக்காமல் பேசத் தெரியாது. கல்லில் யார் பேர் இருக்கிறதோ அவர்களுக்குத்தான் குழி என்று சொல்லிவிட்டார்.

"சரி. ஆனா குழியத் தொறக்கும்போது நானும் வருவேன். என் கண்ணால பாத்துட்டுத்தான் விடுவேன்" என்றாள் உர்சா. எதைப் பார்க்கப் போகிறாள் என்று அவளுக்கே தெரியாது.

மறுநாள் காலை உடம்பை வீட்டில் பக்கத்துவீட்டாரிடம் விட்டுவிட்டு இரண்டு பெண்களும் நடந்தார்கள். சுரங்க வாசலில் குழிவெட்டி மௌருஸ் காத்திருந்தான். புருவம், காதுமயிர் எல்லாம் பாறைத்தூள் படிந்து மாவு அரைக்கிறவன் மாதிரி இருந்தான். விடாலியோவின் சாவைக் கேட்டு உண்மையாகவே கண் கலங்கினான். ஆனால் விஷயத்தைச் சொன்னதும் கலங்கினது போய்த் திருதிருவென்று விழித்தான்.

"அந்தக் குழியா? எதுக்குத் தாயி அது? பழசு. ஈரம் வேற. கீழ்ச்சந்துல புதுசா நாலு எடம் வெட்டி வெச்சிருக்கேன், காத்தோட்டமா."

"செத்தவனுக்குக் காத்து எதுக்குய்யா? வேகாத வெயில்ல நடந்து வந்திருக்கோம். நீ வெளக்கை எடு" என்றாள் செவேரா.

கையில் விளக்கோடு அவன் முன்னால் இறங்கினான். உர்சா சுவரைத் தடவிக்கொண்டே போனாள். இரண்டு பக்கமும் தரையிலிருந்து கூரைவரை அடுக்கடுக்காகக் குழிகள். எழுத்து வெட்டக் கதியில்லாதவர்கள் சாந்து காய்வதற்குள் ஒரு சிப்பியையோ, கண்ணாடித் துண்டையோ, பிள்ளையின் பொம்மையையோ அடையாளத்துக்குப் பதித்துவிட்டுப் போயிருந்தார்கள். சந்து முடிகிற இடத்தில் யாரோ, மீன் விழுங்கிக் கக்கின யோனாவைச் சுவரில் வரைந்திருந்தார்கள். சுரைப்பந்தலின் கீழே அம்மணமாக, ஒரு கையைத் தலைக்குக் கொடுத்து, உலகத்தில் ஒரு கவலையும் இல்லாமல் படுத்திருந்தான். பக்கத்தில் இருந்த மீனுக்குக் காது இருந்தது. நாய்க்குத் துடுப்பு வைத்த மாதிரி. மீனையே பார்க்காத ஓவியன் போலிருக்கிறது.

அதற்கு எதிரே அந்தக் கல். உர்சாவுக்கு எழுத்து தெரியாது. செருப்பைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது.

"தொற" என்றாள் செவேரா.

"தொறக்கலாம். ஆனா மூப்பர் எழுதிக் குடுத்தாருன்னா..."

"வாயால சொல்லிட்டாரு. தொறய்யா! இந்த வெயில்ல என் தம்பி வீட்டுல கெடக்கான்."

மௌருஸ் உளியை எடுத்தான். சாந்தைச் சுரண்டச் சுரண்ட அவன் கழுத்தில் வேர்வை ஓடியது. கல்லை இறக்கிச் சுவரில் சாய்த்துவிட்டு, விளக்கைக் கொடுக்காமல் பின்னால் நகர்ந்தான். செவேரா பிடுங்கி உள்ளே நீட்டினாள்.

"ஐயோ! ரெண்டு பேரு!"

உர்சா எட்டிப் பார்த்தாள். சுவரோரத்தில் சுண்ணாம்பு படிந்த துணிக்குள் ஒரு எலும்புக்கூடு. இந்தப் பக்கம், விடாலியோவுக்கென்று இருந்த இடத்தில், இன்னொன்று. சின்ன உடம்பு. தாடையில் ஒரு பல்கூட இல்லை.

"எவளக் கொண்டாந்து போட்டேடா, படுபாவி! கல்லறையிலயும் ஒட்டுக்குடித்தனமா?" செவேரா குழிவெட்டியின் சட்டையைப் பிடித்துவிட்டாள்.

"விடுங்கம்மா, சொல்றேன். எவோதியாம்மா அது."

உர்சாவுக்குத் தெரிந்த கிழவிதான். கலேமெராவின் அம்மா. பட்டறை வாசல் வெயிலில் உட்கார்ந்துகொண்டு, செருப்பு வாங்க வருகிறவர்களிடமெல்லாம் "எம்மக இருந்தப்ப இந்த வாசலு எப்பிடி இருக்கும் தெரியுமா?" என்று ஆரம்பிப்பாள். பத்து வருஷத்துக்கு முன்னால் ஊரையே வாரிக்கொண்டு போன காய்ச்சலில் செத்தாள். அப்போது உர்சாவே நினைவில்லாமல் கிடந்தாள். ஏழைகளை வைக்கிற வரிசையில் கிழவியை வைத்ததாக எல்லோரும் நினைத்திருந்தார்கள்.

"சாகறப்ப விடாலியோ அண்ணன் கையப் புடிச்சிட்டு, மக பக்கத்துல போடுய்யான்னு கேட்டுச்சாம்" என்றான் மௌருஸ். "நான் எவ்வளவோ சொன்னேன். அண்ணே, இது உங்க எடம், ஒரு பொணத்து மேல இன்னொண்ணு வெக்கக் கூடாதுன்னு சட்டம், நீங்க போனா எங்க படுப்பீங்கன்னு."

"அதுக்கு என்ன சொன்னாரு?" என்றாள் உர்சா.

"எனக்கு வீட்ல ஒருத்தி இருக்காடா, அவகூடப் படுத்துக்கறேன்னாரு. அவள ஒரு வார்த்தை கேட்டுட்டுச் சொல்றேன், அப்ப வெட்டுன்னாரு."

"என்னை ஒண்ணும் கேக்கலையே!"

"தெரியும். வருஷா வருஷம் கூடையோட வருவாரு. அண்ணே, கேட்டாச்சான்னுவேன். இன்னைக்கு அவ நல்ல கோவத்துல இருக்கா, அடுத்த வருஷம் பாக்கலாம்பாரு. கூழை அந்தக் கெழவி பக்கமா வெச்சிட்டு, என்னையும் சாப்புடச் சொல்லுவாரு."

உர்சா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். முதலில் சிரிப்பு வந்தது. பல்லில்லாத கிழவி படுத்திருந்த இடத்துக்காகப் பத்து வருஷம் வயிறெரிந்திருக்கிறாள்! அப்புறம் ஆத்திரம் வந்தது.

"பத்து வருஷம்! கேக்க வாயில்லையா அந்த மனுஷனுக்கு? நான் என்ன கடிச்சா தின்னுருவேன்? கேட்டிருந்தா..."

கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாள் என்று நினைத்துப் பார்த்தாள். 'போங்க, உங்க மகாராணிகிட்டயே போங்க' என்றுதான் சொல்லியிருப்பாள். அது அவருக்கும் தெரிந்திருக்கிறது. அழுகை வந்தது. செவேரா பார்த்தால் பார்க்கட்டும் என்று வாய்விட்டு அழுதாள். செவேராவும் குழிவெட்டியின் சட்டையை விட்டுவிட்டு அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொண்டாள்.

"அம்மாவும் மகளும் ஒண்ணா இருந்துட்டுப் போகட்டும்" என்றாள். "என் தம்பிய எங்க வெக்கறது, உர்சா? நீதான் சொல்லணும்."

மௌருஸ் சாந்து குழைத்துக் கல்லை மறுபடி ஏற்றி மூடினான். கையைத் துடைத்துக்கொண்டு உர்சாவின் எதிரில் வந்து குந்தினான்.

"கேக்க வேண்டியவரு கேக்காமப் போயிட்டாரு. நான் கேக்கறேன் தாயி. ஒத்தைக்குழின்னா தயாரா இருக்கு, இப்பவே வெச்சிரலாம். ரெட்டைன்னா நானும் என் கூட்டாளியும் நாளைக் காலைக்குள்ள வெட்டிருவோம். ஒத்தையா, ரெட்டையா?"

"ரெட்டை."

அவன் இடுப்பிலிருந்த கயிற்றை அவிழ்த்தான். அவளை எழுந்து நிற்கச் சொல்லி, உச்சந்தலையிலிருந்து குதிகால்வரை அளந்து முடிச்சுப் போட்டான். விடாலியோவின் அளவு அவனுக்குத் தெரியும். கீழ்ச்சந்தில் வெட்டாத சுவருக்கு அழைத்துப்போய்க் கரியால் கோடு போட்டான்.

"நடுவுல ஒரு சாண் எடம் விட்டு வெட்டறேன்மா. எல்லாருக்கும் அப்படித்தான் வெட்டறது" என்றான்.

உர்சா முந்தானையால் முகத்தை அழுந்தத் துடைத்தாள்.

"வேணாம்யா" என்றாள். "பதினாலு வருஷம் நடுவுல எடம் விட்டுத்தான் படுத்தோம். ஒட்டி வெட்டு."